அம்மா பிரதமர், மகள் ஆட்டிசத்தின் முகம்: சைமா வாஜெத் உண்மையில் என்ன செய்தார்?

என்னிடம் கேட்கப்பட்ட கேள்வி இதுதான்: உலக சுகாதார நிறுவனத்தின் தென்கிழக்கு ஆசிய இயக்குநராக வந்து, ஒன்றரை வருடத்திலேயே விடுப்பில் அனுப்பப்பட்ட சைமா வாஜெத், ஆட்டிசத்துக்காக (மற்றவர்களோடு பேசிப் பழகும் விதம் வேறுபடும் நரம்பு வளர்ச்சி நிலை) நிஜமாகவே ஏதாவது செய்தவரா, இல்லை பங்களாதேஷின் முன்னாள் பிரதமர் ஷேக் ஹசீனாவின் மகள் என்பதால் ஒட்டிக்கொண்ட பெயர்தானா?

இரண்டும்தான். மழுப்புகிறேன் என்று நினைக்க வேண்டாம். அவர் செய்த வேலையை எடுத்துப் பார்த்தால் அதில் அம்மாவின் பதவி இல்லாத ஒரு துண்டுகூடக் கிடைக்காது. அதே சமயம், அம்மாவுக்குப் பதவி இருந்த எத்தனையோ மகன்களும் மகள்களும் அதை வைத்து என்ன செய்தார்கள் என்று நமக்குத் தெரியும். இவர் அதை ஆட்டிசத்துக்குப் பயன்படுத்தினார். நான் சிறப்புக் கல்வி ஆசிரியை, இந்தத் துறையிலேயே காலத்தைக் கழித்தவள், அதனால் எனக்கு இவர்மேல் கொஞ்சம் நன்றியும் கொஞ்சம் எரிச்சலும் உண்டு. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

சைமா பிறந்தது 1972 டிசம்பர் 9, டாக்காவில். வீட்டில் கூப்பிடும் பெயர் புதுல், வங்காளத்தில் பொம்மை என்று அர்த்தம். அப்பா வாஜெத் மியா அணு விஞ்ஞானி, அரசியல் மேடைகளில் அதிகம் தெரியாதவர். அம்மா வழித் தாத்தா ஷேக் முஜிபுர் ரஹ்மான், பங்களாதேஷை உருவாக்கிய தலைவர். 1975 ஆகஸ்ட் 15 அன்று முஜிபும் வீட்டில் இருந்த கிட்டத்தட்ட எல்லாரும் சுட்டுக் கொல்லப்பட்டபோது, ஹசீனா தன் கணவர், பிள்ளைகள், தங்கை ரெஹானாவோடு ஐரோப்பாவில் இருந்ததால் தப்பினார். புதுலுக்கு அப்போது மூன்று வயதுகூட ஆகவில்லை. இந்திரா காந்தி அடைக்கலம் கொடுக்க, குடும்பம் டெல்லிக்கு வந்து 1981 வரை அங்கேயே வாழ்ந்தது. ஆக, சைமாவின் நினைவு தொடங்கும் வயதில் அவருக்கு ஊர் என்றால் டெல்லி. (அண்ணன் சஜீப் பின்னால் நம்ம கொடைக்கானலில் போர்டிங்கில் படித்தவர், அது தனிக் கதை.) டெல்லியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், இந்தக் கதை அங்கே திரும்பத் திரும்ப வரும்.

படிப்பு அமெரிக்காவில், ஃபுளோரிடாவின் பேரி பல்கலைக்கழகத்தில். முதலில் உளவியல் பட்டம், 2002இல் மருத்துவ உளவியலில் முதுகலை, 2004இல் பள்ளி உளவியலில் ஸ்பெஷலிஸ்ட் பட்டம். அவர் டாக்டர் இல்லை, மனநல மருத்துவரும் இல்லை, பள்ளி உளவியலாளர். இதை ஒரு குறையாகச் சொல்பவர்கள் உண்டு, எனக்கு அப்படித் தோன்றவில்லை. அமெரிக்கப் பள்ளி உளவியலாளர் செய்யும் வேலையைக் கிட்டத்தில் பார்த்தால் ஏன் என்று புரியும். வகுப்பின் கடைசி வரிசையில் ஒரு சின்ன நாற்காலியில் முழங்கால் இடிக்க உட்கார்ந்துகொண்டு, ஒரே ஒரு குழந்தையை மட்டும் பார்க்க வேண்டும்: டீச்சர் பெயர் சொன்னபோது திரும்பினானா, பெல் அடித்தபோது காதைப் பொத்தினானா, பக்கத்துப் பையன் பென்சிலை எடுத்தபோது முகத்தைப் பார்த்தானா, கையை மட்டும் பார்த்தானா. இதையெல்லாம் குறித்து, சோதனைகள் வைத்து, அப்புறம் பெற்றோரையும் டீச்சரையும் ஒரே மேஜையில் உட்காரவைத்து, இந்தக் குழந்தைக்குப் பள்ளி என்னென்ன மாற்றிக்கொள்ளும் என்று எழுதிக் கையெழுத்து வாங்க வேண்டும். அங்கே அது சட்டப்படி பள்ளியின் கடமை. குழந்தையைச் 'சரிபண்ணுவது' பற்றி மட்டும் யோசிக்காமல், குழந்தையைச் சுற்றி இருப்பது என்ன மாற வேண்டும் என்றும் யோசிக்கப் பழக்கும் படிப்பு இது. மருந்துச் சீட்டு எழுதும் படிப்பில் அந்தப் பழக்கம் வருவது கொஞ்சம் கஷ்டம்.

இனி பங்களாதேஷ். இங்கே ஒரு தப்பபிப்பிராயத்தைத் திருத்த வேண்டும், சைமா வந்துதான் அந்த நாட்டில் ஆட்டிசம் வேலை ஆரம்பித்தது என்று எழுதுகிறார்கள், அது சரியில்லை. டாக்டர் நைலா ஜமான் கான் 1990களிலேயே டாக்கா சிசு மருத்துவமனையில் குழந்தை வளர்ச்சி மையம் ஒன்றைத் தொடங்கி, டாக்டர், உளவியலாளர், தெரபிஸ்ட் மூவரும் ஒரே கூரைக்குக் கீழே ஒரு குழந்தையைப் பார்க்கும் முறையைக் கட்டி எழுப்பினார். 'சிசு பிகாஷ் கேந்திரா' என்ற பெயரில் அதே மாதிரி பிறகு அரசு மருத்துவக் கல்லூரிகளுக்கும் போனது. பெற்றோர்களே காசு சேர்த்து நடத்திய சின்னச் சின்னப் பள்ளிகளும் டாக்காவில் இருந்தன. கையில் வேலை இருந்தது. அரசாங்கத்தின் காது மட்டும்தான் இல்லை.

அந்தக் காது 2009இல் கிடைத்தது, ஹசீனா மறுபடி பிரதமரானபோது.

2011 ஜூலையில் டாக்காவில் ஒரு மாநாடு நடந்தது, தெற்காசியாவில் ஆட்டிசம் பற்றி. அதற்கு முன்னால் இந்தத் தலைப்பில் நடந்த கூட்டங்கள் எப்படி இருக்கும் என்று எனக்கு நன்றாகத் தெரியும்: ஒரு ஹோட்டல் ஹால், நூறு நாற்காலி, முதல் வரிசை காலி, அமைச்சர் வருவதாகச் சொல்லி வாழ்த்துச் செய்தி மட்டும் வரும். டாக்காவில் சோனியா காந்தி வந்தார். அண்டை நாட்டுத் தலைவர்களின் குடும்பத்திலிருந்து வந்தார்கள். ஹசீனா மேடையில் இருந்தார். அமெரிக்காவின் ஆட்டிசம் ஸ்பீக்ஸ் அமைப்பும் உலக சுகாதார நிறுவனமும் இருந்தன. 'டாக்கா பிரகடனம்' என்று ஒன்று வெளியானது. அழைத்தது பிரதமரின் மகள், அதனால் வந்தார்கள், இதில் ஒளிக்க ஒன்றுமில்லை. ஆனால் அந்த இரண்டு நாளில் தெற்காசியாவின் சுகாதார அதிகாரிகள் பலருக்கு 'ஆட்டிசம்' தங்கள் இலாகாவிலும் இருக்கும் ஒரு சொல் என்று தெரிந்தது. அதுவரை அது பணக்கார நாட்டு விஷயம். சிசு மரணம், மலேரியா, காசநோய், தடுப்பூசி இவைதான் நம் நாடுகளின் கவலை. ஒருவிதத்தில் அது நியாயமும்கூட. குழந்தை பிழைப்பதே போராட்டம் என்று இருந்த வரை, பிழைத்த குழந்தை பேசுகிறதா என்று கேட்க யாருக்கும் நேரம் இல்லை. பங்களாதேஷில் குழந்தை இறப்பு வேகமாகக் குறைந்த காலம் அது, இந்தக் கேள்வி எழ வேண்டிய நேரம்தான்.

அடுத்து நடந்ததுதான் என் கணக்கில் சைமாவின் நிஜமான சாதனை, ஆனால் படிக்கச் சலிப்பாக இருக்கும். காகித வேலை. ஏப்ரல் 2ஐ உலக ஆட்டிசம் விழிப்புணர்வு நாளாக்கிய ஐ.நா. தீர்மானம் 2007இல் கத்தார் கொண்டுவந்தது. ஒரு நாளைக் குறித்தாயிற்று, நீல விளக்கும் போட்டாயிற்று, மீதி 364 நாளுக்கு என்ன என்று கேட்டது பங்களாதேஷ். 2012 டிசம்பரில் ஐ.நா. பொதுச்சபையில் ஒரு தீர்மானம், ஆட்டிசம் உள்ளவர்களின், குடும்பங்களின் சமூகப் பொருளாதாரத் தேவைகள் பற்றி. 2014 மே மாதம் ஜெனிவாவில், உலக சுகாதார நிறுவனத்தின் உறுப்பு நாடுகள் கூடும் உலக சுகாதாரப் பேரவையில் இன்னொன்று. இந்த இரண்டாவதுதான் சுகாதார அமைச்சகங்களைக் கட்டிப்போடும் தீர்மானம் (கட்டிப்போடும் என்றால் தார்மீகமாக மட்டும், தண்டனை எதுவும் கிடையாது). அதில் ஒரு வரி எனக்கு ரொம்பப் பிடிக்கும்: நீண்ட காலம் அடைத்துவைக்கும் விடுதி மாதிரி இடங்களை விட்டு, ஊருக்குள்ளேயே, வீட்டில் இருந்தபடியே கிடைக்கும் சேவைகளுக்கு நாடுகள் படிப்படியாக மாற வேண்டும் என்கிறது.

இது என்ன பெரிய விஷயம் என்று கேட்கலாம். ஒரு மாவட்ட அலுவலகத்தில் போய், சிறப்புக் குழந்தைகளுக்கு ஒரு ஸ்பீச் தெரபிஸ்ட் பணியிடம் கேட்டுப் பாருங்கள். மேஜைக்கு அந்தப் பக்கம் இருப்பவர் நல்லவர்தான், ஆனால் அவர் கேட்பது ஒன்றே ஒன்று: "இதுக்கு என்ன ஜி.ஓ. இருக்கு?" உலகத் தீர்மானம் இருந்தால் தேசியத் திட்டத்தில் ஒரு பத்தி வரும், பத்தி வந்தால் பட்ஜெட்டில் ஒரு தலைப்பு வரும், தலைப்பு வந்தால் எப்போதாவது ஒரு பணியிடம் வரும். மெதுவாகத்தான் வரும், வராமலும் போகும். ஆனால் மேலே அந்த ஒரு வரி இல்லாவிட்டால் கீழே எதுவுமே கிடையாது. பங்களாதேஷில் 2013இல் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டமும், ஆட்டிசம் உள்ளிட்ட நரம்பு வளர்ச்சிக் குறைபாடுகளுக்கு என்று தனி அறக்கட்டளைச் சட்டமும் வந்தன. டாக்காவின் மருத்துவப் பல்கலைக்கழகத்தில் குழந்தைகளின் நரம்பு வளர்ச்சிக்கும் ஆட்டிசத்துக்கும் தனி நிறுவனம் உருவானது. ஹசீனாவின் பண்டிகை வாழ்த்து அட்டைகளில் சிறப்புக் குழந்தைகள் வரைந்த ஓவியங்கள் அச்சாகின. இதைச் சிரிப்பவர்கள் சிரிக்கட்டும். பிள்ளையை விருந்தாளி வந்தால் உள்ளறையில் விட்டுக் கதவைச் சாத்தும் வீடுகளுக்குப் பிரதமரின் அட்டை ஒரு சேதியைக் கொண்டுபோகும்.

(இந்த இடத்தில் சொற்களைப் பற்றி ஒரு புலம்பல். நம் ஊர் அரசுத் தாளில் இந்தப் பிள்ளைகளுக்கு 'புற உலகச் சிந்தனையற்ற மதி இறுக்கமுடையோர்' என்று பெயர். ஒரு அம்மா இதை விண்ணப்பத்தில் எழுதும்போது பேனா எத்தனை முறை நிற்கும் என்று எழுதியவர்கள் யோசித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். 'ஆட்டிசம்' என்ற சொல்லை மேடைகளில் சகஜமாக்கியதற்காகவாவது சைமா மாதிரி ஆட்களுக்கு நன்றி சொல்லலாம்.)

அவர் நடத்திய அறக்கட்டளையின் பெயர் சூச்சோனா, தொடக்கம் என்று பொருள். 2014இல் உலக சுகாதார நிறுவனத்தின் மனநல நிபுணர் குழுவில் இடம் கிடைத்தது, அதே நிறுவனத்தின் தென்கிழக்கு ஆசியப் பிரிவின் விருதும் வந்தது. 2017 ஏப்ரலில் பூட்டானோடு சேர்ந்து திம்புவில் அடுத்த பெரிய மாநாடு, அந்த வருடமே பிராந்தியத்தின் ஆட்டிசம் நல்லெண்ணத் தூதர். பிறகு பருவநிலை பாதிப்புக்குள்ளாகும் நாடுகளின் கூட்டமைப்பில் ஒரு தூதர் பொறுப்பு, லண்டனில் சாத்தம் ஹவுஸ் என்ற கொள்கை ஆய்வு மையத்தில் ஒரு ஆய்வாளர் பொறுப்பு. பட்டியலை நீட்டலாம், வேண்டாம். கவனிக்க வேண்டியது ஒன்றுதான்: ஒவ்வொரு பதவியும் அடுத்ததற்குத் தகுதியாகிக்கொண்டே போனது, எதுவும் திறந்த போட்டியில் வென்றது இல்லை.

என் எரிச்சல் இங்கேதான் ஆரம்பிக்கிறது. மேலே மாடி கட்டிக்கொண்டே போனார்கள், கீழே வாசல் அகலமானதா? எங்களிடம் வரும் குழந்தைகளின் கதையைச் சொல்கிறேன், டாக்காவிலும் இதேதான் என்று அங்கே வேலை பார்ப்பவர்கள் சொல்வார்கள். மூன்று வயதுப் பையன். பெயர் சொன்னால் திரும்ப மாட்டான். காது கேட்கவில்லை என்று முதலில் காது டாக்டரிடம் போவார்கள். அங்கே காது நன்றாக இருக்கிறது என்பார்கள். வீட்டில் அம்மாவுக்கு அது முன்பே தெரியும், ஏனென்றால் அடுத்த அறையில் பிஸ்கட் பாக்கெட்டைப் பிரிக்கிற சரசர சத்தத்துக்கு ஓடி வருகிறானே! பிறகு "ஆம்பளப் பிள்ளை லேட்டாத்தான் பேசும்" என்று பாட்டி ஒரு வருடம் தள்ளுவார், மொபைலைக் கொடுத்ததால் என்று பக்கத்து வீடு இன்னொரு ஆறு மாதம். சரியான ஆளிடம் வந்து சேரும்போது ஐந்து வயது. இந்தப் பயணத்தைச் சுருக்குவதற்கு மாநாடு போதாது, ஊர் ஊராகப் போகும் சுகாதாரப் பணியாளர் 'பேர் சொன்னால் திரும்புகிறதா, விரலால் சுட்டிக் காட்டுகிறதா' என்று இரண்டு கேள்வி கேட்கப் பழகியிருக்க வேண்டும். 2021இல் உலகத்தில் 127 பேரில் ஒருவருக்கு ஆட்டிசம் இருந்ததாக உலக சுகாதார நிறுவனத்தின் மதிப்பீடு. அத்தனை பேரையும் தலைநகரத்து நிறுவனம் ஒன்று பார்த்துவிட முடியாது.

இன்னொன்றும் உண்டு. ஆட்டிசம் உள்ளவர்களே தங்களுக்காகப் பேசும் இயக்கம் உலகம் முழுக்க வளர்ந்த காலம் அது. அந்த நேரத்தில் நம் பக்கத்து மாநாடுகளின் புகைப்படங்களில் முன்னால் தெரிந்தது தலைவர்களின் குடும்பம்.

சரி, சைமா பிராந்திய இயக்குநரான தேர்தலுக்கு வருவோம். உலக சுகாதார நிறுவனத்துக்கு ஒரு விசித்திரம் உண்டு: அதன் ஆறு பிராந்திய இயக்குநர்களை ஜெனிவாவில் இருக்கும் தலைமை தேர்ந்தெடுப்பதில்லை, அந்தந்தப் பிராந்தியத்தின் நாடுகள் ரகசிய வாக்கெடுப்பில் தேர்ந்தெடுக்கின்றன, நிர்வாகக் குழு பிறகு உறுதிசெய்கிறது. தென்கிழக்கு ஆசியப் பிரிவில் அப்போது 11 நாடுகள், இந்தியா, இலங்கை, இந்தோனேசியா, தாய்லாந்து எல்லாம் சேர்த்து உலக மக்கள்தொகையில் கால்வாசி. தலைமையகம் டெல்லி. 2023இல் காலியாகவிருந்த இந்த இடத்துக்குப் போட்டியிட்டது இரண்டே பேர். நேபாளம் நிறுத்திய ஷம்பு ஆச்சார்யா அந்த நிறுவனத்துக்குள்ளேயே சுமார் முப்பது வருடம் வேலை பார்த்தவர். பங்களாதேஷ் நிறுத்தியது பிரதமரின் மகளை.

பிரச்சாரம் எப்படி நடந்தது என்பதற்கு ஒரு புகைப்படம் போதும். 2023 செப்டம்பர், டெல்லியில் ஜி20 மாநாடு. ஜோ பைடன் கையை நீட்டி செல்ஃபி எடுக்கிறார், ஃபிரேமில் ஹசீனா, பக்கத்தில் சைமா. நாட்டுத் தலைவர்கள் கூடும் மண்டபத்துக்குள் ஆச்சார்யா எந்த வழியாக வருவது? மருத்துவ இதழ்களிலும் திறந்த கடிதங்களிலும் கேள்விகள் எழுந்தன. விதிப்படி தப்பு ஒன்றுமில்லை, எந்த அரசும் யாரையும் முன்மொழியலாம். ஆனால் மேற்கு பசிபிக் பிராந்தியத்தின் இயக்குநர் தகேஷி கசாயை நடத்தைக் குற்றச்சாட்டில் அதே வருடம் மார்ச்சில்தான் நிறுவனம் வேலையைவிட்டு நீக்கியிருந்தது. பிராந்திய இயக்குநர் தேர்வைப் பற்றி எல்லாரும் ஏற்கெனவே முணுமுணுத்துக்கொண்டிருந்த நேரம். நவம்பர் 1 அன்று டெல்லியில் வாக்கெடுப்பு: 8க்கு 2. சைமா ஜெயித்தார். 2024 பிப்ரவரி 1 அன்று பொறுப்பேற்றார், ஐந்து வருடப் பதவி.

ஆறு மாதம்தான். 2024 ஆகஸ்ட் 5 அன்று மாணவர் எழுச்சியில் ஹசீனா ஆட்சி கவிழ்ந்தது, ஹெலிகாப்டரில் கிளம்பி இந்தியாவுக்கு வந்தார். 1975இல் அடைக்கலம் கொடுத்த அதே நாடு. மகள் ஏற்கெனவே டெல்லியில், அலுவலக வேலையில். அம்மாவை ஓடிப்போய்ப் பார்க்க முடியாத, கட்டியணைக்க முடியாத வேதனையை அவர் அப்போது வெளிப்படையாகவே எழுதினார். அரசியல் கணக்கையெல்லாம் தள்ளிவைத்துவிட்டுப் படித்தால் அது ஒரு மகள் எழுதியதுதான். அந்த எழுச்சியில் பிள்ளைகளை இழந்த வீடுகள் அதை எப்படிப் படித்திருக்கும் என்பதும் யோசிக்க வேண்டியதுதான்.

பிறகு எல்லாம் வேகமாக நடந்தது. பங்களாதேஷின் ஊழல் தடுப்பு ஆணையம் 2025 ஜனவரியில் விசாரணை தொடங்கி மார்ச்சில் வழக்குப் போட்டது. குற்றச்சாட்டு இரண்டு வகை: வேட்பாளராக நின்றபோது மருத்துவப் பல்கலைக்கழகத்தில் கௌரவப் பதவி இருப்பதாகக் காட்டினார், அப்படி ஒன்று இல்லை என்று பல்கலைக்கழகம் மறுத்தது என்பது ஒன்று. செல்வாக்கைப் பயன்படுத்தி வங்கிகளிடமிருந்து சூச்சோனா அறக்கட்டளைக்குச் சுமார் 28 லட்சம் டாலர் வாங்கினார் என்பது இன்னொன்று. டாக்கா அருகே பூர்பாச்சலில் வீட்டுமனை ஒதுக்கீடு செய்ததில் முறைகேடு என்று குடும்பத்தின் மேலேயே தனி வழக்குகள். எல்லாமே அரசியல் பழிவாங்கல் என்பது குடும்பத்தின் பதில். உலக சுகாதார நிறுவனம் 2025 ஜூலை 11 முதல் அவரைக் காலவரையற்ற விடுப்பில் அனுப்பி, கேத்தரினா போமே என்பவரை டெல்லிக்குப் பொறுப்பு அதிகாரியாக அனுப்பியது. நவம்பர் 27 அன்று மனை வழக்கில் டாக்கா நீதிமன்றம் அவர் இல்லாமலேயே ஐந்து வருடச் சிறைத்தண்டனை விதித்தது. அதற்குப் பத்து நாள் முன்புதான் வேறொரு நீதிமன்றம் அவர் அம்மாவுக்கு மரண தண்டனை விதித்திருந்தது. அம்மாவும் மகளும் நேரில் இல்லாமல், ஆட்சி மாறிய சூட்டில் நடந்த வழக்குகள் என்பதால் நான் எந்தப் பக்கமும் தீர்ப்புச் சொல்ல மாட்டேன். ஆனால் ஒரு அறக்கட்டளைத் தலைவி பிரதமரின் மகளாக இருக்கும்போது, வங்கி மேலாளர் 'நன்கொடை தர இஷ்டமில்லை' என்று சொல்லியிருக்க முடியுமா? சட்டத்தில் குற்றமோ இல்லையோ, அந்த அமைப்பே கோணல்.

இதில் யாரும் பேசாத நஷ்டம் வேறு. ஒரு நாட்டில் ஆட்டிசம் வேலை முழுக்க ஒரு குடும்பத்தின் பெயரோடு கட்டப்பட்டால், அந்தக் குடும்பம் விழும்போது வேலையின் மேலும் புழுதி விழும். நைலா ஜமான் கான் மாதிரி ஆட்கள் தொடங்கிய மையங்களில் இன்றும் காலை எட்டு மணிக்கு அம்மாக்கள் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு டோக்கன் வாங்க நிற்கிறார்கள். அவர்களுக்கு ஹசீனாவின் அவாமி லீக் கட்சியும் தெரியாது, ஜெனிவாவும் தெரியாது.

கடைசியாக, கேட்டவருக்கு நடைமுறையாக ஒன்று. சைமா பெயர் கெட்டுவிட்டது என்று உலக சுகாதார நிறுவனத்தின் ஆட்டிசம் வேலையையே ஒதுக்கிவிடாதீர்கள். 2014 தீர்மானம் ஒரு நபரின் சொத்து இல்லை, நாடுகள் ஏற்றுக்கொண்டது, இந்தியாவும் இலங்கையும் சேர்த்து. அந்த நிறுவனம் ஆட்டிசம் ஸ்பீக்ஸோடு சேர்ந்து உருவாக்கிய 'கேர்கிவர் ஸ்கில்ஸ் டிரெய்னிங்' (Caregiver Skills Training) என்ற பெற்றோர் பயிற்சித் திட்டம் ஒன்று இருக்கிறது, இரண்டு முதல் ஒன்பது வயது வரையான பிள்ளைகளின் பெற்றோருக்கு: ஒன்பது குழு வகுப்பு, மூன்று முறை வீட்டுக்கே வந்து பார்ப்பது. விலை உயர்ந்த பொம்மையோ மெஷினோ தேவையில்லை, குளிக்கவைப்பது, சாப்பாடு ஊட்டுவது, துணி மடிப்பது இவற்றுக்கு நடுவே குழந்தையோடு எப்படிப் பேச்சை இழுப்பது என்றுதான் சொல்லித்தருகிறார்கள். உங்கள் ஊரில் யாராவது அதை நடத்துகிறார்களா என்று விசாரியுங்கள், இல்லையென்றால் அருகில் இருக்கும் குழந்தை மருத்துவரிடம் இந்தத் திட்டத்தைப் பெயர் சொல்லிக் கேளுங்கள்.